லாரியில் ஏறிய ஸ்டூடியோ

வாடகை வீட்டைக் காலி செய்தவர்கள் எல்லாருக்கும் இந்த அனுபவம் இருக்கும். கட்டில், பீரோ, மெத்தை, திரைச்சீலை எல்லாம் வண்டியில் ஏறிவிட்டன. எதையாவது விட்டுவிட்டோமா என்று பார்க்கக் கடைசியாக ஒரு தடவை உள்ளே போகிறோம். “ஸ்விட்ச் எல்லாம் அணைச்சாச்சா?” என்று கேட்டால் கூடமே அதிர்கிறது. நம் குரல் நமக்கே யாரோ பெரிய மனிதருடைய குரல் மாதிரி இருக்கிறது. நேற்றும் இதே சுவர்தான், இதே குரல்தான். நேற்று இந்த முழக்கம் எங்கே போயிருந்தது?

இன்னொரு புதிரையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கல்யாண மண்டபத்தில் பெரியவர் ஒருவர் மேடையேறி வாழ்த்திப் பேசுகிறார். கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்த உங்களுக்கு ஒவ்வொரு சொல்லும் புரிந்தது. அதே வரிசையிலிருந்து கைபேசியில் எடுத்த வீடியோவை வீட்டுக்கு வந்து போட்டுப் பார்த்தால், பேச்சு கிணற்றுக்குள்ளிருந்து வருகிறது. சொற்கள் ஒன்றோடொன்று குழைந்து கஞ்சியாகிவிட்டன. கைபேசி மட்டம் என்று முடிவு கட்டுகிறோம். உண்மையில் அது தன் வேலையைக் குறையில்லாமல்தான் செய்திருக்கிறது.

இரண்டு புதிருக்கும் விடை ஒரே இடத்தில் இருக்கிறது. அந்த இடத்துக்குப் போக நான் ஒரு லாரியில் ஏறப்போகிறேன். இங்கிலாந்தின் ரோலிங் ஸ்டோன்ஸ் என்ற ராக் இசைக்குழு தனக்காகக் கட்டிக்கொண்ட லாரி அது.

மணிக்கணக்கில் ஒரு கூடம்

1960களின் லண்டனில் பாட்டுப் பதிவு என்பது நேரம் குறித்துச் செய்கிற காரியம். ஈஎம்ஐ நிறுவனத்தின் ஏபி ரோடு ஸ்டூடியோவில் ஒரு நாளை மூன்றாகப் பிரித்திருந்தார்கள்: காலை 10 முதல் 1 மணி, பிற்பகல் 2.30 முதல் 5.30, இரவு 7 முதல் 10. தொழில்நுட்பக்காரர்கள் ஆய்வுக்கூடத்தில் இருப்பதுபோல வெள்ளைக் கோட்டு அணிந்திருப்பார்கள். வாத்தியக்காரர்களுக்கு இது பழகிய ஏற்பாடு. கையில் எழுதிய தாளை வைத்துக்கொண்டு வாசித்துவிட்டுப் போய்விடுவார்கள்.

ராக் குழுக்களுக்கு இது ஒத்துவரவில்லை. அவர்கள் பாட்டை முடித்துக்கொண்டு ஸ்டூடியோவுக்கு வருவதில்லை. அங்கே வந்துதான் பாட்டையே தேடுவார்கள். நள்ளிரவு தாண்டிய பிறகுதான் ஏதாவது பிடிபடும். அதற்குள் வாடகை ஏறிக்கொண்டே போகும்.

ரோலிங் ஸ்டோன்ஸ் பாடகர் மிக் ஜாகர் ஹாம்ப்ஷயர் பகுதியில் ஸ்டார்குரோவ்ஸ் என்ற பழைய மாளிகையை வாங்கியிருந்தார். அங்கேயே பதிவு செய்தால் என்ன என்ற பேச்சு வந்தபோது, இயன் ஸ்டூவர்ட் ஒரு யோசனை சொன்னார். குழு தொடங்கிய நாளிலிருந்து உடனிருந்த பியானோக்காரர். குழுவின் சாமான்களை ஊர் ஊராகக் கொண்டுபோகிற பொறுப்பும் அவருடையதே. வண்டி ஓட்டிப் பழகிய மனிதருக்குத்தான் அந்த யோசனை தோன்றும்: மாளிகைக்குள் ஏன் ஸ்டூடியோ கட்ட வேண்டும், ஸ்டூடியோவையே ஒரு லாரியில் ஏற்றிவிட்டால் போயிற்று!

பிஎம்சி லாரி ஒன்றின் பின்பகுதியை அறையாக்கினார்கள். ஒலிகளைக் கலக்கும் மேசையைச் செய்து கொடுத்தது ஹீலியோஸ் நிறுவனம். அதன் டிக் ஸ்வெட்டன்ஹாம், ஸ்டோன்ஸ் வழக்கமாகப் பதிவு செய்துவந்த லண்டன் ஒலிம்பிக் ஸ்டூடியோவின் மேசைகளை வடிவமைத்தவர். முதலில் எட்டுத் தடங்களில் பதியும் நாடாக் கருவி இருந்தது. பிறகு பதினாறு தடங்களாக உயர்ந்தது. லாரி வீட்டு வாசலில் நிற்கும். ஜன்னல் வழியாக மைக் கம்பிகள் உள்ளே போகும்.

ஸ்டூடியோ என்று நாம் ஒரே சொல்லில் சொல்வது இரண்டு அறைகளை. ஒன்று வாசிக்கிற கூடம். மற்றது கண்ணாடிக்குப் பின்னால் கருவிகள் இருக்கும் அறை. லாரியில் ஏறியது இரண்டாவது மட்டும்தான். வாசிக்கிற கூடத்தை யாரும் எடுத்து வரவில்லை, எடுத்து வரவும் முடியாது. வழக்கமான ஸ்டூடியோவில் இரண்டும் ஒட்டிப் பிறந்தவை என்பதால் எது என்ன செய்கிறது என்று பிரித்துச் சொல்வது கடினம். இங்கே மேசை, நாடா, மனிதர்கள் எல்லாம் ஏறக்குறைய அப்படியே இருக்க, கூடம் மட்டும் ஊருக்கு ஊர் மாறியது. அறிவியல்காரர்கள் ஒரு சோதனைக்கு இதைவிட நல்ல ஏற்பாடு கேட்கமாட்டார்கள். ராக் குழுக்கள் தெரியாமலே அதைச் செய்தன.

திறந்த ஜன்னலும் இருக்கை மெத்தையும்

கூடம் என்னதான் செய்கிறது? அதை முதலில் அளந்தவரைப் பார்த்துவிட்டு லாரிக்குத் திரும்பலாம்.

1895இல் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் ஃபாக் கலைக்கூடம் என்ற புதுக்கட்டடம் திறந்தது. அதன் சொற்பொழிவு மண்டபத்தில் ஒருவர் பேசினால் யாருக்கும் புரியவில்லை. சரிசெய்யும் பொறுப்பு இருபத்தேழு வயது இயற்பியல் ஆசிரியர் வாலஸ் சபின் தலையில் விழுந்தது.

அவரிடம் இருந்தவை ஓர் ஆர்கன் குழாய், ஒரு நிறுத்துக் கடிகாரம், கூர்மையான காது. ஊர் அடங்கிய பிறகு குழாயை ஊதி நிறுத்துவார். ஒலி கரைந்து காதுக்கு எட்டாமல் போகும்வரை எத்தனை விநாடி என்று குறிப்பார். காலி மண்டபத்தில் ஏறக்குறைய ஐந்தரை விநாடி ஆனது. ஐந்தரை விநாடியில் ஒருவர் பத்துப் பன்னிரண்டு சொற்களாவது பேசிவிடுவார். முதல் சொல் சாகும் முன்பே பன்னிரண்டாவது சொல் வந்து அதன்மேல் உட்கார்ந்துகொள்கிறது. புரியுமா?

பிறகு பக்கத்திலிருந்த சாண்டர்ஸ் அரங்கின் இருக்கை மெத்தைகளை இரவோடு இரவாகத் தூக்கி வந்து போட்டு அளந்தார். விடியும் முன் திருப்பி வைத்துவிட வேண்டும். மெத்தை கூடக்கூட ஒலி சீக்கிரம் செத்தது. ஒரு கட்டத்தில் தான் உடுத்தியிருந்த துணியும் ஒலியைக் குடிக்கிறது என்று கண்டுகொண்டார். ஆயிரக்கணக்கான அளவீடுகளைத் தூக்கிப் போட்டுவிட்டு, அதன்பின் ஒவ்வொரு சோதனைக்கும் ஒரே உடுப்போடு வந்தார். அறிவியலில் இந்த மாதிரிப் பிடிவாதம் எனக்கு மிகவும் பிடிக்கும்.

மூலஒலி நின்ற பிறகும் சுவர்களில் மோதி மோதி அறைக்குள் தங்கி நிற்கும் ஒலியை நம் பாடப்புத்தகங்கள் எதிர்முழக்கம் என்கின்றன. எதிரொலி வேறு. மலை முன் நின்று கூவினால் நம் குரல் தனியாக, தெளிவாகத் திரும்பி வருகிறதே, அது எதிரொலி. எதிர்முழக்கத்தில் ஆயிரக்கணக்கான திரும்பல்கள் நெருக்கியடித்து வந்து ஒன்றாகக் குழைந்துவிடும்.

சபின் கண்டது இரண்டே விஷயம். அறை பெரிதானால் எதிர்முழக்கம் நீளும். அறையில் ஒலியை விழுங்கும் பரப்பு கூடினால் அது குறுகும். விழுங்கும் பரப்பை அளக்க அவர் எடுத்துக்கொண்ட அலகு திறந்த ஜன்னல். ஜன்னல் வழியாகப் போன ஒலி திரும்பி வராது; ஆகவே அது நூற்றுக்கு நூறு விழுங்குகிறது. மெத்தை, மனிதர், மரப்பலகை எல்லாவற்றையும் ‘இத்தனை சதுர மீட்டர் ஜன்னலுக்குச் சமம்’ என்று சொல்லிவிடலாம். 1900இல் திறந்த பாஸ்டன் சிம்பனி அரங்கை இந்தக் கணக்கைக் கொண்டுதான் வடிவமைத்தார்கள்.

ஒரு கூடம், ஒரு கணக்கு

கற்பனையாக ஒரு மாடிப்படிக் கூடத்தை எடுத்துக்கொள்வோம். நீளம் 6 மீட்டர், அகலம் 5, உயரம் 9. காரைபூசிய சுவர்கள், கெட்டியான தரை. சுவர், தரை, கூரை எல்லாம் சேர்த்துப் பரப்பு 258 சதுர மீட்டர். இப்படிப்பட்ட பரப்பு தன்மேல் படும் ஒலியில் சராசரியாக 6 சதவீதத்தை விழுங்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதாவது 15 சதுர மீட்டருக்குச் சற்று மேலான ஒரு திறந்த ஜன்னல் இருப்பதாக அர்த்தம்.

இந்தக் கூடத்தில் ஒரு தட்டு தட்டினால், அந்த ஒலி பத்து லட்சத்தில் ஒரு பங்காகத் தேய்வதற்குச் சபின் கணக்குப்படி 2.8 விநாடி பிடிக்கும். ஒலி விநாடிக்கு 340 மீட்டர் சொச்சம் ஓடுகிறது. 2.8 விநாடியில் கிட்டத்தட்ட ஒரு கிலோமீட்டர்! ஒன்பது மீட்டர் உயரக் கூடத்துக்குள்ளேயே ஒரு கிலோமீட்டர் ஓட வேண்டுமென்றால் சுவர்களில் 200 தடவைக்கு மேல் மோதியாக வேண்டும். ஒவ்வொரு மோதலிலும் 6 சதவீதம் கப்பம் கட்டிக் கட்டித்தான் அது சாகிறது.

இப்போது அதே கூடத்தில் இருபது மெத்தைகளைச் சுவரோரம் நிறுத்துங்கள். ஒன்று 2 சதுர மீட்டர். படும் ஒலியில் 60 சதவீதத்தை விழுங்குகிறது. கூடுதலாக 24 சதுர மீட்டர் ஜன்னலைத் திறந்ததற்குச் சமம். ஜன்னல் ஏறக்குறைய இரண்டரை மடங்கு பெரிதாகிவிட்டது. எதிர்முழக்கம் இரண்டரை மடங்கு சுருங்கி ஒரு விநாடியை ஒட்டி வந்துவிடும்.

காலி வீட்டுப் புதிர் இங்கே தீர்ந்தது. நம் கட்டிலும் மெத்தையும் திரைச்சீலையும் அலமாரி நிறையத் தொங்கிய சேலைகளும் இத்தனை நாள் ஜன்னல்களாக இருந்திருக்கின்றன. அவை வண்டியில் ஏறியதும் ஜன்னல்கள் மூடிக்கொண்டன.

குளியலறைப் பாடகர்களின் ரகசியமும் கொஞ்சம் இதுதான். ஓடு பதித்த சுவர் ஒலியை ஏறக்குறைய விழுங்குவதே இல்லை. ஏபி ரோட்டில் இதற்கென்றே ஓர் அறை வைத்திருந்தார்கள். பாடிய குரலை அங்கே ஒலிபெருக்கியில் போட்டு, கெட்டிச் சுவர்களில் மோதவிட்டு, இன்னொரு மைக்கில் பிடித்துப் பாட்டோடு கலப்பார்கள். செலவு பிடித்த குளியலறை என்று சொல்லலாம்.

மைக்குக்கு மூளை கிடையாது

கல்யாண வீடியோ பாக்கியிருக்கிறது.

மண்டபத்தில் உங்கள் காதுக்கு வந்தவை இரண்டு. மேடையிலிருந்து நேராக வந்த ஒலி ஒன்று. அதை நேரொலி என்போம். சுவரையும் கூரையையும் சுற்றிவிட்டு வந்த எதிர்முழக்கம் மற்றொன்று. நேரொலிக்குப் பின் ஏறக்குறைய 50 மில்லி விநாடிக்குள், அதாவது ஒரு விநாடியில் இருபதில் ஒரு பங்குக்குள் வந்து சேரும் திரும்பல்களை மூளை தனியாகக் கேட்பதில்லை; நேரொலியோடு சேர்த்துவிடுகிறது. இரண்டு காது இருப்பதால், பேசுகிறவர் எந்தத் திசையில் இருக்கிறார் என்று பிடித்துக்கொண்டு மற்ற திசைகளிலிருந்து வருவதைக் கொஞ்சம் ஒதுக்கவும் செய்கிறது. கைபேசி மைக்குக்கு இந்தச் சாமர்த்தியம் எதுவும் கிடையாது. வந்ததை எல்லாம் வந்தபடி எழுதிக்கொள்கிறது. வீட்டில் அதைப் போடும்போது முழுமண்டபமும் ஒரே திசையிலிருந்து, ஒரே சின்னத் துளையிலிருந்து வருகிறது. மூளைக்குப் பிரித்தெடுக்க வழியில்லை.

இதற்குப் பதிவுக்காரர்கள் கண்ட வைத்தியம் எளியது: மைக்கைப் பக்கத்தில் கொண்டுபோ. நேரொலி தூரம் கூடக்கூட வேகமாக மெலியும். தூரம் இரட்டித்தால் அதன் ஆற்றல் நாலில் ஒன்றாகும். எதிர்முழக்கமோ அறை முழுக்க ஏறக்குறைய ஒரே அளவில் நிறைந்து கிடக்கும், தொட்டியில் தண்ணீர் நிற்பதுபோல. ஆகவே வாயருகே மைக்கை வைத்தால் அறை காணாமல் போகும். தள்ளி வைத்தால் அறை உள்ளே வரும். அன்றைய ராக் பதிவுகளில் டிரம்ஸுக்குப் பொதுவாக நடந்தது முதல் வகை. ஒவ்வொரு டிரம்மின் அருகிலும் ஒரு மைக், சுற்றிலும் ஒலி விழுங்கும் பலகைகள்.

ஹெட்லி கிரேஞ்ச் மாடிப்படி

1971 தொடக்கத்தில் லாரி ஹாம்ப்ஷயரின் ஹெட்லி கிரேஞ்ச் வீட்டு வாசலில் நின்றது. 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஏழைகளுக்கான விடுதியாகக் கட்டிய கல்வீடு அது. வாடகைக்கு லாரியை எடுத்து வந்தவர்கள் லெட் ஸெப்பலின் குழுவினர். குளிர்காலம். வீடு சில்லிட்டுக் கிடந்தது.

டிரம்மர் ஜான் பானமுக்குப் புது டிரம்ஸ் வந்தது. முன்கூடத்தில் இறக்கி அங்கேயே பூட்டி வைத்தார்கள். மூன்று மாடி உயரத்துக்குப் படிகள் சுற்றி ஏறும் கூடம். பானம் உட்கார்ந்து தட்டிப் பார்த்தார். வீடே தட்டியது.

அடுத்து நடந்தது யாருடைய யோசனை என்பதில் கித்தார்காரரும் தயாரிப்பாளருமான ஜிம்மி பேஜ் ஒன்று சொல்கிறார், பொறியாளர் ஆண்டி ஜான்ஸ் ஒன்று சொல்கிறார். நடந்தது என்ன என்பதில் சிக்கல் இல்லை. டிரம்ஸ் பக்கத்தில் மைக்கே வைக்கவில்லை. மாடிப்படியின் மேல்தளத்திலிருந்து பேயர்டைனமிக் எம்160 வகை மைக் இரண்டைக் கீழ்நோக்கித் தொங்கவிட்டார்கள். காலால் மிதித்து அடிக்கும் பெரிய டிரம்முக்குக்கூடத் தனி மைக் கிடையாது. அன்றைய வழக்கப்படி பார்த்தால் இது வேலை தெரியாதவன் செய்கிற வேலை.

நம் கற்பனைக் கூடத்தில் இதைப் போட்டுப் பார்ப்போம். டிரம் தோலிலிருந்து மைக்குக்கு 5 செ.மீ. என்பது வழக்கம், இங்கே 6 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். தூரம் 120 மடங்கு. நேரொலியின் ஆற்றல் 120 பெருக்கல் 120, அதாவது 14,400 மடங்கு மெலிந்துவிட்டது. எதிர்முழக்கம் மட்டும் எங்கே வைத்தாலும் கிட்டத்தட்ட அதே அளவு. பக்கத்து மைக்கில் டிரம் யானை, அறை எறும்பு. மேலே தொங்கிய மைக்கில் அறைதான் யானை. அந்தப் பதிவில் நாம் கேட்பது பானம் டிரம்மை அடித்த ஒலியைவிட, டிரம் அந்த வீட்டை அடித்த ஒலி.

இன்னொரு நுட்பமும் இருக்கிறது. ஒலி ஒரு மீட்டரைக் கடக்க ஏறக்குறைய 3 மில்லி விநாடி ஆகும். 6 மீட்டருக்கு 17, 18. டிரம்ஸ் தொகுதியில் ஒவ்வொன்றுக்கும் ஒரு மைக் வைத்தால், ஒரே அடி வெவ்வேறு மைக்கில் வெவ்வேறு நேரத்தில் போய் விழுந்து, கலக்கும்போது ஒன்றை ஒன்று கொஞ்சம் அழித்துக்கொள்ளும். மேலே தொங்கிய இரண்டு மைக்குக்கும் எல்லா டிரம்மும் ஏறக்குறைய ஒரே தொலைவு. எல்லாம் ஒரே மனிதன் அடித்ததுபோல் கட்டுக்கோப்பாக வந்து சேர்ந்தது.

குமிழில் ஒரு கை

ஆனால் மாடிப்படியில் மைக்கைத் தொங்கவிட்டவர்கள் எல்லாருக்கும் அந்த ஒலி கிடைத்துவிடாது. நான் எங்கள் அடுக்குமாடிக் கட்டடத்துப் படியில் முயன்றதுண்டு. பித்தளைக் குடத்தை யாரோ உருட்டிவிட்டதுபோல் வந்தது. குறைந்தது இன்னும் இரண்டு சங்கதிகள் வேண்டும். அவை லாரிக்குள் இருந்தன.

முதலாவது கம்ப்ரஸர். ஒலிப்பதிவில் இருப்பவர்கள் நாள் முழுக்க உச்சரிக்கும் சொல் இது. அதன் வேலையை இப்படிப் புரிந்துகொள்ளலாம். டிவியின் ஒலிக்குமிழில் ஓர் ஆள் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். சத்தம் எகிறினால் உடனே குறைக்கிறார், அடங்கினால் மெல்ல விடுகிறார். டிரம் அடி விழும் கணத்தில் கை கீழே இறக்கிவிடும். அடி முடிந்து எதிர்முழக்கம் மட்டும் மெலிந்துகொண்டிருக்கும்போது கை மேலே ஏற்றும். விளைவு, தேய வேண்டிய முழக்கம் தேயாமல் நிற்கிறது. இரண்டு அடிகளுக்கு நடுவே வீடு மூச்சு இழுத்து விடுவதுபோல் ஒரு வீக்கம் கேட்கும். லாரியின் கம்ப்ரஸர்களை ஜான்ஸ் நன்றாகவே அழுத்தவிட்டார். கூடவே பின்சன் என்ற இத்தாலிய எதிரொலிக் கருவி. சுழலும் காந்த உருளையில் ஒலியைப் பதிந்து, சற்றுத் தள்ளித் திரும்பக் கொடுப்பது.

இரண்டாவது, நாடா. பதிந்த வேகத்தைவிடச் சற்று மெதுவாக அந்தப் பாட்டை ஓடவிட்டிருக்கிறார்கள். நாடா மெதுவாக ஓடினால் சுருதி இறங்கும்; டிரம் தோல் தளர்ந்து, பெரிதானதுபோல் தோன்றும். அதோடு நிற்பதில்லை. எதிர்முழக்கமும் அதே விகிதத்தில் நீள்கிறது. சுவரில் பட்டுத் திரும்பும் இடைவெளிகளும் நீள்கின்றன. காதுக்கு அது எப்படிப் படும்? சுவர்கள் தள்ளிப் போய்விட்டன என்று. நாடாவின் வேகத்தைக் குறைத்து ஒரு வீட்டைப் பெரிதாக்க முடியும்.

பாட்டின் பெயர் ‘வென் த லெவீ பிரேக்ஸ்’. 1927இல் அமெரிக்காவில் மிசிசிப்பி ஆறு கரையை உடைத்துக்கொண்டு வந்த பெருவெள்ளத்தைப் பற்றி, 1929இல் கான்சஸ் ஜோ மெக்காயும் மெம்ஃபிஸ் மின்னியும் பதிவு செய்த ப்ளூஸ் பாட்டு அதன் மூலம். லெட் ஸெப்பலின் பதிவு 1971 நவம்பரில், அட்டையில் பெயரே இல்லாத அவர்களுடைய நான்காவது ஆல்பத்தில் வந்தது. அதன் தொடக்க டிரம்ஸை மட்டும் வெட்டி எடுத்துப் பிறர் தங்கள் பாட்டில் போட்டுக்கொள்வது பிற்பாடு வழக்கமாயிற்று. 1986இல் பீஸ்டி பாய்ஸ் செய்தது அதில் பிரசித்தம். அவர்கள் எல்லாரும் திருடியது டிரம்மரை மட்டுமல்ல, ஹாம்ப்ஷயர் வீட்டின் மாடிப்படியையும் சேர்த்துத்தான்.

நிலவறையும் ஓட்டல் தாழ்வாரமும்

லாரி போன இடமெல்லாம் இப்படி வாய்க்கவில்லை.

அதே 1971இல் வரிச்சுமை தாங்காமல் ஸ்டோன்ஸ் பிரான்சுக்குக் குடிபெயர்ந்தார்கள். வில்ஃப்ரான்ஷ் சுர் மேர் என்ற கடலோர ஊரில் குழுவின் கித்தார்காரர் கீத் ரிச்சர்ட்ஸ் வாடகைக்கு எடுத்திருந்த நெல்கோட் மாளிகையின் நிலவறையில் பதிவு. ஆளுக்கொரு சின்ன அறை. புழுக்கத்தில் கித்தார்களின் சுருதி நிற்கவில்லை. லாரியில் இருக்கும் பொறியாளருக்கு வாசிப்பவர்கள் கண்ணில் படமாட்டார்கள். அங்கே உருவானவற்றைக் கொண்டு 1972இல் வந்த ‘எக்ஸைல் ஆன் மெயின் ஸ்ட்ரீட்’ ஆல்பத்தில் எல்லாம் ஒரு மங்கலுக்குள் இருந்து வருவதுபோல் கேட்கும். பலருக்கு அதுதான் அதன் அழகு. எனக்கும் பிடிக்கும், ஆனால் அழகு என்பது நாற்பது தடவை கேட்ட பிறகு நாமே கற்பித்துக்கொள்வதோ என்ற சந்தேகமும் உண்டு.

டிசம்பரில் டீப் பர்ப்பிள் குழு லாரியைச் சுவிட்சர்லாந்தின் மான்ட்ரோவுக்கு வரவழைத்தது. ஊரின் கசினோ அரங்கில் பதிவு செய்வதாகத் திட்டம். அதற்கு முன் அங்கே கடைசியாக ஃபிராங்க் ஸப்பாவின் கச்சேரி. டிசம்பர் 4 அன்று கச்சேரி நடுவே ரசிகர் ஒருவர் தீப்பொறித் துப்பாக்கியைக் கூரையை நோக்கிச் சுட, கசினோ முழுக்க எரிந்து போயிற்று. ஏரிமேல் புகை படர்ந்ததைப் பார்த்துப் பிறந்ததுதான் ‘ஸ்மோக் ஆன் த வாட்டர்’. அதன் இசைப்பகுதியை இன்னோர் அரங்கில் பதிந்துகொண்டிருந்தபோது சத்தம் தாங்காமல் ஊரார் போலீசைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

கடைசியில் குளிர்காலத்துக்கு மூடிக்கிடந்த கிராண்ட் ஓட்டல் கிடைத்தது. அதன் தாழ்வாரத்தில் டிரம்ஸ், கித்தார், எல்லாம். இணையான இரண்டு சுவர்களுக்கு நடுவே கைதட்டினால் ஒலி அங்குமிங்கும் பந்தாடப்பட்டு ‘ட்ர்ர்ர்’ என்று வரும். தாழ்வாரங்களுக்கு உரிய நோய் அது. மாடிப்படிக் கூடம் கொடுத்த கம்பீரம் இதில் வராது. அவர்கள் சபின் செய்ததையே செய்தார்கள். ஓட்டல் அறைகளிலிருந்து மெத்தைகளைத் தூக்கி வந்து நிறுத்தினார்கள். ஹெட்லி கிரேஞ்சில் வீட்டைப் பேசவிட்டவர்கள் ஜெயித்தார்கள். மான்ட்ரோவில் வீட்டின் வாயை அடைத்தவர்கள் ஜெயித்தார்கள். அங்கிருந்து லாரிக்குப் போய்ப் பதிவைக் கேட்டுவர, அறைகளுக்குள் புகுந்து பால்கனிகளைக் கடந்து சுற்றிக்கொண்டு ஓட வேண்டும். அலுத்துப்போய்க் கேட்பதையே விட்டுவிட்டார்கள். ‘மெஷின் ஹெட்’ ஆல்பம் இப்படித்தான் உருவானது.

லாரி எங்கே?

1975இல் லண்டன் லைசியம் அரங்கில் பாப் மார்லியின் கச்சேரியைப் பதிந்ததும் இந்த லாரியே. பிறகு சிறிய, மலிவான கருவிகள் வந்தன. ஸ்டூடியோக்களும் பாடம் கற்றுக்கொண்டன. முழக்கத்துக்கென்றே கல்சுவர் அறைகளைக் கட்டின. இன்றைக்கு அறையே தேவையில்லை என்கிற நிலை. ஒரு கூடத்தில் பலூனை உடைத்து அது முழங்கி அடங்குவதைப் பதிந்துகொண்டால், எந்த ஒலியையும் அந்தக் கூடத்தில் எழுந்ததுபோல் கணினி மாற்றித் தந்துவிடும். கூடத்தை எடுத்து வர முடியாது என்று முன்னே சொன்னேன். அதை இப்போது கொஞ்சம் திருத்திக்கொள்ள வேண்டும்.

லாரி கைமாறிக் கைமாறி, 2001இல் கனடாவின் கால்கரி நகரத்துக்குப் போய்ச் சேர்ந்தது. அங்கே தேசிய இசை மையத்தில் பழுதுபார்த்து வைத்திருக்கிறார்கள். அருங்காட்சியகப் பொருளாக முடங்கவில்லை. இப்போதும் அதில் பதிவு செய்யலாம்.

கால்கரி வரைக்கும் போக முடியாதவர்கள் இதைச் செய்து பாருங்கள். மாடிப்படி உள்ள ஒரு கட்டடம், ஒரு கைபேசி, ஓர் அலுமினியச் சட்டி, ஒரு கரண்டி. கீழே தரையில் சட்டியை வைத்து, பக்கத்திலேயே கைபேசியை வைத்துப் பத்துத் தட்டு தட்டிப் பதியுங்கள். பிறகு கைபேசியை இரண்டாம் மாடிக் கைப்பிடிச் சுவரில் வைத்துவிட்டு, கீழே வந்து அதே பத்துத் தட்டு. பெரும்பாலான கைபேசிகளின் பதிவுச் செயலியில் நாம் பார்த்த அந்தக் ‘குமிழில் ஒரு கை’ ஏற்கெனவே உட்கார்ந்திருக்கிறது, அதனால் தனியாகக் கம்ப்ரஸர் வேண்டாம். இரண்டு பதிவையும் காதுக்கருவி மாட்டிக்கொண்டு கேளுங்கள். இரண்டாவதைக் கொஞ்சம் மெதுவாக ஓடவிட்டும் கேளுங்கள். மத்தியானத்தில் மட்டும் வேண்டாம். முதல் மாடியில் யாராவது தூங்கிக்கொண்டிருப்பார்கள்.